சங்கு ஊதாத தோட்டத்தில் ஒரு பரீட்சை

கல்விக் குழுவை உங்கள் தலையில் கட்டும்போது முகத்தைச் சுளிக்காதீர்கள். எப்படியும் கட்டத்தான் போகிறார்கள். ரோடு, தண்ணீர், தெருவிளக்கு எல்லாவற்றையும் ஆண் மெம்பர்கள் பிரித்துக்கொண்ட பிறகு, "பள்ளிக்கூடம் அக்காவுக்கு இருக்கட்டும், பொம்பளைங்களுக்கு ஏத்த சமாச்சாரம்" என்று சிரித்துக்கொண்டே தள்ளிவிடுவார்கள். என்னிடமும் அப்படித்தான் தள்ளினார்கள். நான் பஞ்சாயத்துத் தலைவி நாற்காலியில் உட்கார்ந்திருந்தவள், என்னிடமே! ரோடு போட்டால் அதில் நடக்கிறவன் ஓட்டுப் போடுவான். பள்ளிக்கூடத்துக்காக ஓடாய்த் தேய்ந்தாலும் உள்ளே உட்கார்ந்திருக்கிற பிள்ளைக்கு ஓட்டே கிடையாது. அவர்கள் கணக்கு அதுதான்.

ஒரு முறை ஜெயித்து, ஒரு முறை தோற்று, மறுபடி ஜெயித்து, இப்போது வீட்டில் கோழிக்குத் தீனி போட்டுக்கொண்டிருக்கிறேன். புதிதாகப் பஞ்சாயத்துக்கு வந்திருக்கிற தங்கச்சிகளுக்கு ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று கேட்டார்கள். தீர்மானம் எழுதுவது எப்படி, கூட்டம் கூட்டுவது எப்படி என்பதெல்லாம் பயிற்சி வகுப்பில் சொல்லிக் கொடுத்துவிடுவார்கள். நான் ஒரு காலைப் பொழுதைப் பற்றியும், அதற்கு நான் கொடுத்த விலையைப் பற்றியும் சொல்கிறேன்.

எங்கள் தோட்டம் கூடலூருக்கு அந்தப் பக்கம், சேரம்பாடி போகிற வழியில் இருந்தது. நான் சிலோனில் பிறந்து, கைப்பிள்ளையாகக் கப்பலேறி வந்தவள். தலைவி ஆவதற்கு முன் கூடை மாட்டிக் கொழுந்து எடுத்தேன். தலைவி ஆன பிறகும் மீட்டிங் இல்லாத நாளில் கொழுந்து எடுக்கப் போனேன். தேயிலைக் காட்டை நாங்கள் மலை என்போம். வேலைக்குப் போவது என்றால் மலைக்குப் போவது. வரிசை வீடுகளுக்கு லயம் என்று பெயர். ஒரு சுவரில் இருமினால் அடுத்த சுவரில் கேட்கும்.

தேயிலை விலை விழுந்த வருடங்கள் அவை. உங்களில் பாதிப் பேர் அப்போது பிறந்திருக்கவே மாட்டீர்கள். குன்னூர்ப் பக்கம் சிறு விவசாயிகள் கொழுந்தை எடுக்காமல் செடியிலேயே விட்டார்கள். எங்கள் பக்கம் தோட்ட முதலாளிகள் ஒவ்வொருவராகக் கையை விரித்தார்கள். ஒரு நாள் காலை எங்கள் ஃபேக்டரிச் சங்கு ஊதவில்லை. நோட்டீஸ்கூட அப்புறம்தான் ஒட்டினார்கள். சங்குச் சத்தத்தில் எழுந்து, சங்குச் சத்தத்தில் சோறு தின்ற ஜனம் என்ன செய்வது என்று தெரியாமல் லயத்து வாசலில் உட்கார்ந்துவிட்டது.

பசி வந்ததும் ஒற்றுமை ஆட்டம் கண்டது. இருட்டோடு இருட்டாகச் சிலர் மலைக்குள் இறங்கிக் கொழுந்து பறித்து, வெளி வியாபாரிகளிடம் தள்ள ஆரம்பித்தார்கள். "பாரு, உங்க ஆளுங்களே வேலை செய்யறாங்களே, எதுக்கு நான் தோட்டத்தைத் திறக்கணும்" என்று முதலாளி பேச்சுவார்த்தையில் கேட்டார். யூனியன் தலைவர் மாரிமுத்துவுக்கு அது பெரிய அவமானமாகிவிட்டது. கறுத்து, ஒல்லியாக, குரல் மட்டும் ஊருக்கே கேட்கிற மனிதர். வாய் சுத்தம், கை சுத்தம். அவர் எல்லாரையும் மாரியம்மன் கோயிலுக்குக் கூட்டிப்போனார்.

"சங்கு திரும்ப ஊதுற வரைக்கும் யாரும் மலைக்குள்ள கால் வைக்கக் கூடாது. வச்சா, அவங்க ஊட்டு நல்லது கெட்டதுல ஒருத்தரும் கலந்துக்கக் கூடாது. கல்யாணம்னாலும் சரி, சாவுன்னாலும் சரி. கற்பூரத்தை அணைச்சு சத்தியம் பண்ணுங்க" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "தலைவியம்மா, மொதக் கை ஒங்க கையா இருக்கட்டும்" என்றார்.

எனக்குப் பெருமை தாங்கவில்லை. எரிகிற கற்பூரத்தின் மேல் உள்ளங்கையை வைத்து அணைத்தேன். கொப்புளம் வந்தது. அதைக்கூட ஒரு வாரம் எல்லாருக்கும் காட்டிக்கொண்டு திரிந்தேன். பதவியில் இருக்கிறவள் கூட்டத்தோடு சேர்ந்து சத்தியம் செய்யும்போது, நாளைக்கு எந்தப் பிள்ளை எந்த வாசலில் வந்து நிற்கும் என்று யோசிக்க வேண்டும். நான் யோசிக்கவில்லை. என் வீட்டில் அந்தச் சத்தியத்துக்குப் பயப்பட ஒரு ஆள் படுக்கையில் கிடந்தார். அவர் என் மாமியார்.

அந்த வருடம் எங்கள் லயத்திலிருந்து பதினோரு பிள்ளைகள் பத்தாவது எழுதினார்கள். அதற்கு முன் ஒன்றிரண்டு பேர் எழுதினாலே அதிசயம். இந்தப் பதினோரு பேரையும் நான் பிடித்து வைத்திருந்தேன் என்றுதான் சொல்ல வேண்டும். தோட்டம் மூடியதும் திருப்பூர் பனியன் கம்பெனிக்கு ஆள் பிடிக்க ஒருவன் லயத்துக்குள் சுற்ற ஆரம்பித்துவிட்டான். வீடு வீடாகப் போய், "பரீட்சை முடியட்டும், அப்புறம் எங்க வேணா அனுப்புங்க" என்று காலைப் பிடிக்காத குறையாகக் கேட்டிருந்தேன். பெற்றவர்கள் பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்தார்கள். ஒரு பரீட்சை தவறினாலும் அந்தப் பொறுமை அன்றோடு சரி. அடுத்த பஸ்ஸில் பிள்ளை திருப்பூருக்குப் போய்விடும். அந்தப் பதினோரு பேரில் மாரிமுத்துவின் மகள் செல்வியும் ஒருத்தி.

கணக்குப் பரீட்சை அன்று விடியும்போதே போலீஸ் வண்டிகள் வந்தன. பின்னால் ஒரு பெரிய லாரி ஃபேக்டரிக்குள் போனது. இயந்திரங்களை முதல் நாளே கழற்றி வைத்திருக்கிறார்கள் என்று அப்போதுதான் எங்களுக்குத் தெரிந்தது. இயந்திரம் போய்விட்டால் சங்கு இனி எந்தக் காலத்திலும் ஊதாது. மாரிமுத்து ஒரு சவுக்கு மரத்தை வெட்டி ஃபேக்டரி கேட்டுக்கு முன்னால் ரோட்டில் போட்டார். அதன் மேல் ஜனம் உட்கார்ந்துவிட்டது. அந்தப் பக்கம் போலீஸ் கயிறு கட்டி நின்றது. பஸ் வராது என்பது தெளிவாகிவிட்டது. எங்கள் லயத்திலிருந்து டவுனுக்குப் போக இருந்த ஒரே ரோடு அதுதான்.

பிள்ளைகள் சீருடை போட்டுக்கொண்டு, பரீட்சை அட்டையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு என் வாசலில் வந்து நின்றார்கள்.  

அவர்களை அங்கேயே நிறுத்திவிட்டு முதலில் இன்ஸ்பெக்டரிடம் ஓடினேன். கோயமுத்தூர்ப் பக்கத்து மனிதர், மரியாதைக்குக் குறைவில்லை.

"ஏனுங்க பிரசிடெண்ட் அம்மா, கூட்டத்துக்குள்ள பிள்ளைகளை உட்டு ஒரு கல்லு பட்டா யாருங்க பதில் சொல்றது? நீங்க அந்த மரத்தை எடுக்கச் சொல்லுங்க. லாரி வெளிய போகட்டும். அப்புறம் நானே எங்க வண்டியில பிள்ளைகளைக் கொண்டுபோய் உட்டர்றேனுங்க."

அவர் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். பிள்ளைகளை வைத்து லாரியை வெளியே எடுக்கப் பார்க்கிறார் என்று எனக்குப் புரிந்தது. கோபத்தில் காது சூடாகிவிட்டது. ஆனால் கத்தவில்லை. கத்தியிருந்தால் மரத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்திருப்பார்கள், கல் பறந்திருக்கும்.

மாரிமுத்துவிடம் வந்தேன்.

"அண்ணே, மரத்தை எடுக்க வேணாம். பிள்ளைங்க நடந்து போக மட்டும் வழி விடுங்க. அந்தப் பக்கம் போலீசு தடுத்தா நான் பார்த்துக்கறேன்."

"வழி விட்டா அதே வழியில போலீசு உள்ள வருவான். நாம பிள்ளைங்களப் பாத்துக்கிட்டு நிக்கிறப்பவே லாரி போயிரும். இத்தன வயித்துக்கும் இந்த ஃபேக்டரிதாம்மா."

"பதினோரு பிள்ளைங்க வாழ்க்கை அண்ணே."

"அதுல ஒண்ணு எம் பிள்ளை" என்றார். அந்தப் பெரிய குரல் இறங்கிப்போயிருந்தது. "எனக்கு வலிக்கலன்னு நெனச்சியளா?"

 ஒருவர் சொல்வது சரியென்றும் இன்னொருவர் சொல்வது தப்பென்றும் இருந்தால் நம் வேலை சுலபம். இரண்டு பேரும் அவரவர் இடத்தில் நின்று நியாயம் பேசுவார்கள். நடுவில் பிள்ளை நிற்கும். அந்த நேரத்தில் யார் பக்கம் என்று முடிவு செய்து கத்துவதில் பிரயோஜனமில்லை. மூன்றாவது வழி இருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

மூன்றாவது வழி இருந்தது. அதுதான் மலை. லயத்துக்குக் கீழே தேயிலைக்குள் இறங்கி, சரிவில் குறுக்காகப் போனால் போலீசுக்கும் அந்தப் பக்கம் கீழ் ரோட்டில் ஏறலாம். அந்த ரோட்டில் இஞ்சி, மிளகு ஏற்றிக்கொண்டு டவுனுக்கு ஜீப் போகும். ஆனால் கவாத்து வெட்டாமல் செடிகள் ஆள் உயரத்துக்கு வளர்ந்துவிட்டன. மூடிய மலைக்குள் யானை இறங்கிப் பழகிவிட்டது. எல்லாவற்றுக்கும் மேலே அந்தக் கற்பூரம் இருந்தது.

வீட்டுக்குப் போனேன். என் வீட்டுக்காரர் என் முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டார்.

"மலைக்குள்ள போகப் போறியா? அம்மா கெடக்கிற கெடப்புல? நாளைக்கு ஒண்ணுன்னா ஒருத்தன் எட்டிப் பாக்க மாட்டான் புள்ள."

உள்ளே இருந்து மாமியார் கேட்டுக்கொண்டிருந்தார். அவருக்கு நினைவு தெளிவாகவே இருந்தது, உடம்புதான் போய்விட்டது.

"எனக்கு ஒண்ணும் வேணாம் மகளே" என்றார். "நாலு பேரு தூக்கோணும். சொந்த ஊருன்னு ஒண்ணு இல்லாம கப்பல்ல வந்து எறங்கினோம். போறப்பயாவது நாலு பேரு வேணும். அதுவும் இல்லாட்டி ஏலாது மகளே."

போகாதே என்று அவர் சொல்லவில்லை. போ என்றும் சொல்லவில்லை.  அவர் கையைப் பிடித்து ஒரு நிமிடம் நின்றேன். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். அன்று என்ன துணிச்சலில் போனேன் என்று கேட்டால் இன்றும் எனக்குச் சொல்லத் தெரியாது. வாசலில் நின்ற பிள்ளைகளை வீட்டுக்குத் திருப்பி அனுப்புகிற துணிச்சல் எனக்கு இல்லை, அவ்வளவுதான்.

ஒளிந்து போகவில்லை. அதைக் கவனியுங்கள். இருட்டில் கொழுந்து பறித்தவர்களை நாங்கள் எவ்வளவு திட்டியிருக்கிறோம்! எல்லாப் பெண்களும் நின்றுகொண்டிருந்த லயத்து வழியிலேயே பிள்ளைகளைக் கூட்டிப்போய், எல்லார் கண் முன்னாலும் நின்று சொன்னேன்.

"நான் சத்தியத்தை மீறப் போறேன். நான் மட்டுந்தான். பிள்ளைங்க கற்பூரம் அணைக்கல, அவங்களை இது கட்டாது. மத்தவங்க யாரும் வர வேணாம்."

 நான் கால் வைத்தேன். பின்னால் பிள்ளைகள் ஒவ்வொருவராக இறங்கினார்கள். செல்வி கடைசியில் நின்று ஒரு முறை ஃபேக்டரிப் பக்கம் பார்த்தாள். பிறகு அவளும் இறங்கினாள்.

இருபது அடி போயிருப்போம். பனி மூடிக்கொண்டது. முன்னால் என்ன இருக்கிறது என்று தெரியவில்லை. அப்போது மேலே யாரோ சாப்பாட்டுத் தட்டை அடிக்கிற சத்தம் கேட்டது. அப்புறம் இன்னொன்று. அடுத்து டின், குடம், சட்டி. திரும்பிப் பார்த்தேன். லயத்து வழியின் ஓரத்தில் பெண்கள் வரிசையாக நின்று, ஒரு விரல்கூட மலைக்குள் வைக்காமல், கையில் கிடைத்ததை எல்லாம் அடித்துக்கொண்டிருந்தார்கள். நாங்கள் நடக்க நடக்க அவர்களும் மேலே ஓரமாகவே நடந்தார்கள். யானை விலகிப் போவதற்கு அடித்தார்கள். சத்தியத்தையும் விடவில்லை, பிள்ளைகளையும் விடவில்லை. 

ஆனால் லயத்து வழி ஓடைக்கு மேலே முடிந்துவிடும். அதற்கப்புறம் அவர்களால் வர முடியாது. சத்தம் தூரமாகி, ஓடையைத் தாண்டியதும் சுத்தமாக நின்றது. அங்கிருந்து கீழ் ரோடு கூப்பிடு தூரம்தான். அந்த இடத்தில்தான் ஒரு கிளை முறிகிற சத்தம் கேட்டது.

கையைத் தூக்கினேன். எல்லாரும் நின்றார்கள். முன்னாலா, பக்கத்திலா தெரியவில்லை. மறுபடி ஒரு முறிவு. நெட்டைப் பையன் சுரேஷ் என் காதருகில் வந்து, "அக்கா, டைம் ஆச்சு, ஓடிரலாம்" என்றான். ஓடலாம்தான். பத்துப் பிள்ளைகள் தப்பி ஒரு பிள்ளை விழுந்தால்? கீழ் ரோட்டில் ஒரு ஜீப் போகிற சத்தமும் கேட்டது. அது போயே போய்விட்டது.  இருந்தாலும் கையை இறக்கவில்லை.

தங்கச்சிகளே, அவசரத்தில் ஓடச் சொல்ல ஆயிரம் பேர் இருப்பார்கள். நிற்கச் சொல்ல நீங்கள் ஒருத்திதான் இருப்பீர்கள். கையைத் தூக்கிய பிறகு, பிள்ளைகள் உங்கள் முகத்தைத்தான் பார்ப்பார்கள். பயத்தை முகத்தில் காட்டக்கூடாது. நான் ஒரு தேயிலை இலையைக் கிள்ளி வாயில் போட்டு மென்றுகொண்டு நின்றேன். கசப்பு, உவ்வே! செல்வி அதைப் பார்த்துச் சிரித்துவிட்டாள், சத்தமில்லாமல். மற்ற பிள்ளைகளுக்கும் கொஞ்சம் மூச்சு வந்தது.

எவ்வளவு நேரம் நின்றோம் என்று தெரியாது. சரிவுக்கு மேலே, எங்களுக்குப் பின்பக்கமாகச் செடி சரசரத்துப் போனது. முதுகு மட்டும் பனியில் கறுப்பாகத் தெரிந்தது. அது ஓடைக்குள் இறங்குகிற வரை காத்திருந்து, பிறகு நடந்தோம். ரோட்டில் ஏறியதும் பிள்ளைகளை ஒரு முறை எண்ணினேன், பதினொன்று.

அடுத்த ஜீப் இஞ்சி மூட்டையோடு வந்தது. மலையாளத்து டிரைவர் எங்களைப் பார்த்து, "எந்தா சேச்சி, ஸ்கூல் மொத்தமும் காட்டிலா?" என்று கேட்டார். விஷயத்தைச் சொன்னேன். மூட்டை மேல் பிள்ளைகளை ஏற்றி, அந்தக் கொண்டை ஊசி வளைவுகளில் ஓட்டிய ஓட்டத்துக்கு எனக்கு யானையே தேவலை என்று தோன்றியது. மணி அடித்த பிறகுதான் போய்ச் சேர்ந்தோம். வாசலில் நின்ற மேற்பார்வையாளர் பிள்ளைகளின் ஈரச் சட்டையையும் என் கோலத்தையும் பார்த்துவிட்டு, உள்ளே விட்டார்.

மாலையில் திரும்பியபோது ரோட்டில் மரம் இல்லை. லாரியும் இல்லை. மத்தியானம் போலீஸ் அடித்துக் கலைத்துவிட்டது. மாரிமுத்துவின் நெற்றியில் கட்டு. அவர் என்னைப் பார்த்தார். செல்வியைக் கூட்டிக்கொண்டு போனார். அவளை அடித்தாரா என்று கேட்காதீர்கள். அடிக்கவில்லை. மீதிப் பரீட்சைகளுக்கு அவரே பஸ் ஏற்றிவிட்டார்.

ஆனால் சத்தியம் சத்தியம்தான். சங்கு ஊதுகிற வரை என்பது நிபந்தனை. இயந்திரம் போன பிறகு சங்கு எப்படி ஊதும்? எங்கள் வீட்டை ஊர் ஒதுக்கி வைத்ததற்கு முடிவே இல்லாமல் போய்விட்டது. குழாயடியில் பெண்கள் எனக்கு இடம் விடுவார்கள், பேசுவார்கள்கூட. கல்யாணப் பத்திரிகை மட்டும் வராது. தட்டு அடித்த அதே கைகள்தான். அவர்களிடம் எனக்குக் கோபம் வரவில்லை என்றால் அது பொய். ராத்திரி படுத்தால் பற்றிக்கொண்டு வரும்.

ஆடி மாத மழையில் மாமியார் போய்விட்டார்.

விடியற்காலையில் போனார். சொந்தக்காரர்கள் என்று இருந்தவர்கள் அத்தனை பேரும் அதே லயத்தில், அதே சத்தியத்தில் இருந்தார்கள். ஒருவரும் வரவில்லை. சாவுக்குத் தப்பு மேளம் அடிக்கிறவர்களும் வரவில்லை. என் வீட்டுக்காரர் தானே மூங்கில் வெட்டிப் பாடை கட்டினார். மகன் கொள்ளிச்சட்டி தூக்கி முன்னால் போக வேண்டும். பாடையைத் தூக்க ஆள் இல்லை. 'நாலு பேரு வேணும்' என்று மாமியார் சொன்னது காதுக்குள்ளேயே இருந்தது. என்னால் அந்த முகத்தைப் பார்க்க முடியவில்லை.

மழை கொஞ்சம் விட்டது. வாசலில் காலடிச் சத்தம். சுரேஷும் இன்னும் இரண்டு பையன்களும் வந்து நின்றார்கள். மற்ற பையன்கள் பரீட்சை முடிந்த கையோடு திருப்பூருக்குப் போய்விட்டிருந்தார்கள்.

"மூணு பேருதான் இருக்கோம் அக்கா" என்றான் சுரேஷ்.

"நாலு" என்று பின்னால் ஒரு குரல். செல்வி பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நின்றாள்.

பொம்பளைப் பிள்ளை பாடை தூக்குவதா என்று சொல்ல அங்கே யாரும் இல்லை. தூக்கினார்கள். லயத்து வழியில் இறங்கினோம். பரீட்சை அன்று நின்ற அதே ஓரத்தில் ஊரே நின்றுகொண்டிருந்தது. பெண்கள் அங்கிருந்தபடியே அழுதார்கள். சுடுகாட்டுக்கு இறங்குகிற சரிவு ஆரம்பிக்கிற இடம் சேறு. செல்வி மற்றவர்களைவிடக் குள்ளம். அவள் பக்கம் பாடை சரிந்தது. அவள் நுனிக்காலில் நிற்கப் பார்த்தாள், முடியவில்லை. கிழவியின் தலை ஒரு பக்கமாகச் சாய்ந்தது.

"பிள்ளே, நில்லு!"

மாரிமுத்துவின் குரல். மேலே ஓரத்தில் நின்றவர், தலைத்துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டிக்கொண்டு சேற்றில் இறங்கி வந்தார். மகளை ஒதுக்கிவிட்டுத் தன் தோளைக் கொடுத்தார். என்னைப் பார்க்கவில்லை.

"நட" என்றார் பையன்களைப் பார்த்து.

நாங்கள் நடந்தோம். கொஞ்ச தூரம் போனதும் பின்னால் தப்புச் சத்தம் கேட்டது.

கல்விக் குழு உங்களுக்கு வரும். வாங்கிக்கொள்ளுங்கள். என் மாமியாரை வாசலிலிருந்து முதலில் தூக்கிய அந்த நாலு பேரில் ஒருவருக்குக்கூட அப்போது ஓட்டு இல்லை.